அங்கீகரிக்கப்பட்ட நேயர்

பம்பாய்க்குத் தொலைக்காட்சி வருவதற்குப் பல வருஷங்கள் முன்பே அதற்குத் தொடர் நாடகம் எழுதிக்கொண்டிருந்த ஒரு மனிதர் தாராவியில் இருந்தார். பிரம்மநாயகம் என்று பெயர். இதை நம்பாதவர்கள் அன்றைக்கும் இருந்தார்கள். அவர்களில் முதல் ஆள் பிரம்மநாயகமேதான். காலையில் கண் விழித்ததும், கோலி என்று சொல்லும் தன் ஒற்றை அறையின் தகரக் கூரையைப் பார்த்தபடி, நிஜமாகவே நமக்கு இப்படி ஓர் உத்தியோகம் இருக்கிறதா என்று தன்னையே ஒரு தடவை கேட்டுக்கொள்வார். இருக்கிறது என்று நினைவு வந்த பிறகுதான் எழுந்து பல் தேய்க்கப் போவார்.

அறுபத்து மூன்றாம் வருஷம் வரை அவர் ஒரு தோல் கிடங்கில் கணக்கப்பிள்ளையாக இருந்தார். திருநெல்வேலிப் பக்கத்துக்காரர். நாற்பதைத் தொட்டும் கல்யாணம் ஆகவில்லை. செய்துவைக்க வேண்டியவர்கள் ஒவ்வொருவராகப் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். தாராவியில் கோயில் கொடை விழாவுக்கு வருஷம் ஒரு நாடகம் எழுதிப் போடுவார். மேடையில் பத்துப் பேர் சண்டை போட்டு, அழுது, கட்டிப்பிடித்துக்கொள்வார்கள். கோலிக்குத் திரும்பினால் 'சாப்பிட்டீரா' என்று கேட்க நாதி கிடையாது. அதனால் தெருவில் நடக்கும்போது பாத்திரங்களின் வசனங்களைத் தானே பேசிக்கொண்டு போவார். பக்கத்துக் கோலி வெயிலுமுத்து பெல்ட் பட்டறையில் வேலை செய்பவன். முதலில் அதைப் பார்த்துப் பயந்தான். பிறகு, அண்ணாச்சி வருகிறார் என்பதற்கு அதுதான் அடையாளம் என்று பழகிக்கொண்டான்.

இப்படி இருக்கும்போதுதான் மாட்டுங்காவில் 'தொலைக்காட்சி முன்னேற்பாட்டு மையம், தமிழ்ப் பிரிவு' என்று ஒரு பலகை ஏறியது. குடை ரிப்பேர்க் கடைக்கு மேல் மாடி. டில்லியில் ஏதோ ஒரு பெட்டியில் படம் தெரிகிறதாம், அது பம்பாய்க்கு வந்து சேரும்போது எல்லாம் தயாராக இருக்க வேண்டுமாம். தொடர் நாடகம் எழுத ஆள் தேவை என்று விளம்பரம் செய்தார்கள். பிரம்மநாயகம் கிடங்கில் அரை நாள் லீவு சொல்லிவிட்டுப் போனார். வந்திருந்த மற்றவர்கள், 'டெலிவிஷன் எங்கே இருக்கு?' என்று கேட்டு, பதில் திருப்தியாக இல்லாததால் திரும்பிப் போனார்கள். பிரம்மநாயகத்துக்குக் கேட்கத் தோன்றவில்லை. அந்த ஒரு தகுதியால் அவர் மட்டும் மிஞ்சினார்.

மையத்தின் டைரக்டர் வேங்கடசுப்ரமணியன். பாலக்காட்டுப் பூர்வீகம், மாட்டுங்காவிலேயே பிறந்து வளர்ந்தவர். கோட்டைக் கழற்றாமல் விசிறிக்கொள்ளும் ஜாதி.

"டெலிவிஷன் பார்த்திருக்கேளா?" என்று கேட்டார்.

"இல்ல சார்."

"போட்டோவிலயாவது?"

"இல்ல சார்."

"ரொம்ப நல்லது. பார்த்தவாள்ளாம் அதுல வர்ற மாதிரியே எழுதிடறா. நமக்கு வேண்டியது ஒரிஜினாலிட்டி." கொஞ்சம் குனிந்து, குரலையும் தணித்துக்கொண்டார். "ஒரு கண்டிஷன். கதை ஒளிபரப்பு ஆகற வரைக்கும் வெளியாள் யாருக்கும் சொல்லப்படாது. ஆத்துக்காரிகிட்டகூட."

"எனக்கு ஆள் இல்ல சார்."

"வெரி குட்," என்றார் டைரக்டர். அவர் முகத்தில் முதல்முறையாக ஒரு மலர்ச்சி தெரிந்தது. பிரம்மநாயகத்துக்கு ஆள் இல்லாததைப் பாராட்டிய முதல் மனிதர் அவர்தான். சத்தியம் வாங்கிக்கொண்டு அன்றைக்கே வேலை கொடுத்துவிட்டார்.

தாராவியில் விஷயம் பரவியது. வெயிலுமுத்து அன்று இரவே வாசலில் வந்து குந்திக்கொண்டான்.

"அண்ணாச்சி, ரேடியோவுல வருமா உங்க நாடகம்?"

"இல்லப்பா."

"அப்பம் சினிமாவா?"

"அதுவும் இல்ல. பெட்டிக்குள்ள வரும்."

"பெட்டி எங்க இருக்கு?"

"இனிமத்தான் வரணும்."

"சரி, கதையாவது சொல்லுங்களேன். கேப்போம்."

"சொல்லப்படாதுன்னு சத்தியம் வாங்கியிருக்காவ."

"சம்பளம், பகார் மட்டும் சரியா வருதுல்லா? அப்பம் விடுங்க, சோடோ," என்று சொல்லிவிட்டு எழுந்து போனான். அதற்குப் பிறகு அவன் கதை கேட்கவில்லை. வேறு யாரும் கேட்கவில்லை.

மையத்தில் ஒரு பெட்டி இருந்தது. தேக்கில் செய்து, பளபளவென்று வார்னிஷ் அடித்து, முன்னால் இரண்டு கதவு வைத்தது. சயானில் ஒரு தச்சர் செய்தது. உள்ளே இருக்க வேண்டிய படக்குழாய் வெளிநாட்டிலிருந்து வர வேண்டும். அந்நியச் செலாவணி கிடைக்காததால் அது வரவில்லை. ஆனால் பெட்டி வந்துவிட்ட பிறகு சும்மா இருந்தால் நிர்வாகத்துக்கு அழகா? செவ்வாயும் வெள்ளியும் மாலை ஆறு மணிக்கு 'ஒத்திகை ஒளிபரப்பு' என்று உத்தரவானது. பியூன் உதுமான் கையைக் கழுவிக்கொண்டு வந்து, பெட்டியின் கதவுகளைத் திறந்து வைத்து, ஒதுங்கி நிற்பான். பெட்டிக்குப் பின்னால் ஒரு துணித் தட்டி. தட்டிக்குப் பின்னால் முக்காலி போட்டு உட்கார்ந்து பிரம்மநாயகம் கதையை வாசிப்பார். நடிகர்களுக்குப் பணியிடம் ஒதுக்கியிருந்தார்கள், ஆனால் நிரப்பவில்லை. எனவே பூமாரியும் அவர்தான், பூமாரியின் அப்பாவும் அவர்தான், ரயில் ஊதுவதும் அவர்தான். முடிந்ததும் உதுமான் கதவுகளைச் சாத்துவான். ஒளிபரப்பு நிறைவு பெறும்.

பூமாரிதான் கதையின் நாயகி. ரெண்டு வருஷமாகத் தகவல் இல்லாத அப்பாவைத் தேடி, ஒரு தகரப் பெட்டியோடு தாதர் ஸ்டேஷனில் வந்து இறங்குகிறவள். அந்தப் பெண்ணைப் பிரம்மநாயகம் நெஞ்சில் இருந்து எழுதினார். கதை ஆய்வுக் குழு என்று ஒன்று இருந்தது, அது சட்டப் புத்தகத்தில் இருந்து திருத்தியது.

பூமாரி டிக்கெட்டைக் கொடுத்ததாகக் கதையில் இல்லையே என்றது குழு. பிரம்மநாயகம் டிக்கெட் பரிசோதகர் ஒருவரைச் சேர்த்து, அவர் பூமாரியைப் பார்த்துச் சிரித்ததாக எழுதினார். பரிசோதகர் பணி நேரத்தில் சிரிக்கலாமா என்று ரயில்வேயைக் கேட்க வேண்டியிருந்ததால் சிரிப்பை எடுத்துவிட்டார்கள். அடுத்து மழை. பம்பாய் மழையை எழுதாமல் எப்படி? அது எந்த மாசம், எவ்வளவு மழை, வானிலைக்காரர்கள் ஒப்புக்கொள்வார்களா என்று கேள்வி வந்தது. பூமாரி மேகமூட்டத்தில் நனைந்தாள்.

வில்லன் விஷயம் இதைவிடச் சிக்கல். அவனுக்கு ஒரு பெயர் வைத்தால் அந்தப் பெயர்க்காரர்கள் மனம் புண்படும் என்றார்கள். பெயரை எடுத்தார். ஊர் இருக்கக் கூடாது, தொழில் இருக்கக் கூடாது, மீசைகூடக் கூடாது, மீசை வைத்த அதிகாரிகள் இருக்கிறார்கள். எல்லாம் போக, கடைசியில் வில்லனிடம் இருமல் ஒன்றுதான் மிஞ்சியது. பூமாரி தனியாக இருக்கும்போது வெளியே யாரோ இருமுவார்கள். அவ்வளவுதான் வில்லன்.

ஒரு வாரக் கதையில், பூமாரிக்கு அடைக்கலம் கொடுத்த கிழவி செத்துப்போவதாக எழுதியிருந்தார். டைரக்டர் கூப்பிட்டனுப்பினார்.

"பிரம்மநாயகம், இப்போ இந்தக் கிழவி போயிட்டா இந்த இடம் காலியாயிடும். காலியான இடத்தை நிரப்பலேன்னா அந்தப் பணியிடமே ரத்தாயிடும். நாளைக்கு உங்களுக்குக் கதையில ஒரு கிழவி வேணும்னா நான் டில்லிக்கு எழுதணும். வருமா?"

"அவ சாகாம கதை நகராது சார்."

"சாகக் கிடக்கட்டும். சாக வேண்டாம்."

கிழவி மூன்று வருஷம் சாகக் கிடந்தாள்.

இதையெல்லாம் பிரம்மநாயகம் தாங்கிக்கொண்டார். அவருக்குத் தாங்க முடியாமல் இருந்தது வேறு. முதல் சில வாரம் டைரக்டர் பெட்டிக்கு எதிரே உட்கார்ந்திருந்தார். பிறகு ஆறு மணி அவருக்குக் காபி நேரம் என்பது நினைவு வந்து நின்றுவிட்டார். உதுமான் கதவைத் திறந்துவிட்டு, வாசலில் பீடி பிடிக்கப் போய்விடுவான். பிரம்மநாயகம் தட்டிக்குப் பின்னால் இருந்து வெற்று நாற்காலிகளுக்குக் கதை வாசித்தார். அழ வேண்டிய இடத்தில் குரல் உடையும். உடைந்த குரல் எதிர்ச் சுவரில் பட்டுத் தனக்கே திரும்பி வரும். எதற்காக இதைச் செய்கிறோம் என்று கேட்டுக்கொள்வார். ஆனாலும் பூமாரியை நடுத்தெருவில் விட்டுவிட்டு எழுந்துபோக அவருக்கு மனசு வரவில்லை.

காப்பாற்றியது கணக்குத் தணிக்கைக்காரர்கள். ஒளிபரப்பு நடந்தது சரி, பார்த்தது யார் என்று அவர்கள் கேட்டார்கள். பார்ப்பவர் இல்லாத ஒளிபரப்பைச் செலவில் ஏற்க முடியாதாம். உடனே 'அங்கீகரிக்கப்பட்ட நேயர் (தற்காலிகம்)' என்று ஒரு பதவி உண்டானது. வாரம் இரண்டு நாள் வந்து பெட்டிக்கு எதிரே உட்கார வேண்டும். முடிந்ததும் 'திருப்தி', 'மிகவும் திருப்தி', 'பூரண திருப்தி' ஆகிய மூன்றில் ஒன்றை உரக்கச் சொல்ல வேண்டும். நான்காவது சொல்லுக்கு அனுமதி இல்லை.

"நேயர் முன் வாசலால வருவா. நீங்க பின் படியால வரணும்," என்றார் டைரக்டர். "ரெண்டு பேரும் ஒருத்தரையொருத்தர் பார்க்கப்படாது, பேசப்படாது. பழகிட்டா பாராட்டத் தோணும், இல்லேன்னா திட்டத் தோணும். ரெண்டும் ஆடிட்டுல நிக்காது."

நேயர் ஒரு பெண் என்பது முதல் நாள் புடவை சரசரப்பிலேயே தெரிந்தது. பிரம்மநாயகத்துக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. முக்காலியில் ஒரு பக்கமாக உட்கார்ந்து, அன்றைக்குப் பூமாரியைக் கொஞ்சம் அதிகமாகவே குழைந்து பேசவைத்துவிட்டார். முடிந்தது. "திருப்தி," என்றது ஒரு மெல்லிய குரல். நாற்காலி நகர்ந்தது. செருப்புச் சத்தம் படியிறங்கிப் போனது.

அந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டு பிரம்மநாயகம் வெள்ளிக்கிழமை வரை ஓட்டினார்.

பெயரை உதுமான்தான் சொன்னான். அவனும் திருநெல்வேலிப் பக்கம், மேலப்பாளையத்துக்காரன், ஊர்ப் பாசம் விடாது. "ராஜலக்ஷ்மின்னு பேரு அண்ணாச்சி. செம்பூர்ல திலக் நகர். அண்ணன் வீட்டோட இருக்காவ. கல்யாணம் காட்சின்னு ஒண்ணும் ஆவல போலிருக்கு. நான் சொன்னேன்னு சொல்லிராதீங்க, நவுக்ரி போயிரும், எனக்கு வேற வேல கிடையாது."

அதற்குப் பிறகு எழுதியதெல்லாம் அந்த நாற்காலிக்கு எழுதியது. ஒரே சொல்தான் என்றாலும் அதில் எத்தனை வகை இருக்கிறது என்று போகப் போக அவருக்குப் பிடிபட்டது. சாதாரணத் திருப்தி, சலித்த திருப்தி, கதை அவசரமாக முடிந்துவிட்டதே என்ற குறையோடு வரும் திருப்தி. வில்லன் இருமினால் எதிரே மூச்சு நிற்பது கேட்கும். இருமலையே சில நாள் நீட்டிப் பார்த்தார். குழு ஒரு இருமலுக்கு மேல் கூடாது என்றுவிட்டது.

பூமாரி அப்பாவைக் கண்டுபிடித்த தினம் ஒன்று வந்தது. எதிர்ப் பிளாட்பாரத்தில் கிளம்பிவிட்ட மின்சார ரயிலின் வாசலில் அப்பா நிற்கிறார். பூமாரி கத்துகிறாள். ரயில் சத்தத்தில் அவருக்குக் கேட்கவில்லை. யாரோ ஒரு பெண் தன்னைப் பார்த்துக் கையசைக்கிறாளே என்று அவரும் பதிலுக்கு மரியாதையாகக் கையசைத்துவிட்டுப் போய்விடுகிறார். பிரம்மநாயகம் வாசித்து முடித்தார். எதிரே ஒரு சத்தமும் இல்லை. உதுமான் கதவைச் சாத்திவிட்டு நின்றான். நெடுநேரம் கழித்து மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. "பூரண திருப்தி," என்றாள் ராஜலக்ஷ்மி. பாதிச் சொல் உள்ளேயே போய்விட்டது.

தட்டிக்குப் பின்னால் பிரம்மநாயகமும் அழுதுகொண்டிருந்தார். சந்தோஷத்தில் அழுதார். நேயர் தாமதமாகக் கருத்துச் சொன்னது ஏன் என்று மறுநாள் விசாரணை வைத்தார்கள். ஜலதோஷம் என்று சொல்லி அவள் தப்பித்ததாக உதுமான் வந்து சொன்னான்.

டில்லியிலிருந்து ஒரு நிபுணர் பார்வையிட வந்தார். அவருக்குத் தமிழ் தெரியாது, அதனால் கதையில் குற்றம் கண்டுபிடிக்க முடியவில்லை. வந்ததற்கு ஏதாவது சொல்லியாக வேண்டுமே. பெட்டிக்குள் உற்றுப் பார்த்துவிட்டு, படம் கொஞ்சம் இருட்டாக இருக்கிறதே என்றார். "அது ராத்திரி நடக்கற ஸீன் சார்," என்றார் டைரக்டர் இங்கிலீஷில். நிபுணர் தலையாட்டி, ஒளி அமைப்பு நன்றாக இருப்பதாகப் பாராட்டினார்.

அப்போது எதிர் நாற்காலியிலிருந்து ஒரு சத்தம் வந்தது. வாயில் முந்தானையை அடைத்துக்கொண்டு சிரிப்பை அடக்கும் சத்தம். தட்டிக்குப் பின்னால் பிரம்மநாயகம் துண்டைக் கடித்துக்கொண்டார். தோள் குலுங்கியது. இரண்டு பேரும் நடுவில் ஒரு துணியை வைத்துக்கொண்டு, ஒருவர் சிரிப்பதை மற்றவர் தெரிந்துகொண்டு, சத்தம் போடாமல் சிரித்தார்கள். பம்பாய்க்கு வந்த இத்தனை வருஷத்தில் அவர் இன்னொரு ஜீவனோடு சேர்ந்து சிரித்தது அன்றைக்குத்தான்.

நிபுணருக்கு மாலை போட்டுவிட்டு டைரக்டர் பேசினார். "எத்தனையோ தேசத்துல டெலிவிஷன் இருக்கு. பார்க்க ஜனம் இருக்கு. ஜனம் இருந்தா புகார் இருக்கு. படம் ஆடறது, சத்தம் வரலே, கதை நன்னாயில்லே, ஆயிரம் புகார். நம்ம மையம் ஆரம்பிச்சதுலேர்ந்து இன்னிவரைக்கும் ஒரே ஒரு புகார் வந்திருக்கா? காமியுங்கோ பார்க்கலாம். இதுக்குக் காரணம் என்ன? நிர்வாகம்!" கை தட்டினார்கள். பிரம்மநாயகமும் தட்டிக்குப் பின்னால் தட்டினார், ராஜலக்ஷ்மி தட்டுவது கேட்டதால்.

கதை பூமாரியின் கல்யாணத்துக்கு வந்து சேர்ந்தது. அய்யாத்துரை என்று ஒரு மில் தொழிலாளி. நல்ல பையன். இருமல் இல்லாதவன். பூமாரி அவனைக் கட்டிக்கொள்வாளா, இல்லை அப்பா கிடைக்கும்வரை காத்திருப்பாளா என்பதுதான் கேள்வி. பிரம்மநாயகத்துக்குப் பதில் தெரியும், எழுதியும் வைத்திருந்தார். குழு அதை நிறுத்திவைத்தது. கல்யாணம் என்றால் செலவு, செலவு என்றால் நிதிப் பிரிவின் ஒப்புதல் வேண்டும். விருந்தில் எத்தனை பேர் சாப்பிடலாம் என்பதற்கு அப்போது அரசாங்க உத்தரவே இருந்தது. கதையில் சாப்பிடுகிறவர்களுக்கு அது பொருந்துமா பொருந்தாதா என்று நிதிப் பிரிவு யோசிக்க ஆரம்பித்தது.

"யோசிச்சு முடிக்கிற வரைக்கும் என்ன சார் வாசிக்க?" என்று கேட்டார்.

"கல்யாணப் பேச்சு நடந்துண்டே இருக்கட்டும்," என்றார் டைரக்டர்.

மாசக்கணக்கில் பேச்சு நடந்தது. நாற்காலியிலிருந்து வரும் திருப்தியில் தவிப்பு ஏறிக்கொண்டே போனது. இன்றைக்காவது தெரிந்துவிடுமா என்ற தவிப்பு. கேட்கிறவளுக்கு அந்தத் தவிப்பு இருக்கிறது என்பதே எழுதுகிறவருக்குப் போதையாக இருந்தது. கூடவே குற்ற உணர்ச்சியும் இருந்தது.

பாகிஸ்தான் யுத்தம் முடிந்து எங்கே பார்த்தாலும் சிக்கனம் என்று பேச்சாக இருந்த சமயம். ஒரு செவ்வாய்க்கிழமை பிரம்மநாயகம் வாசித்து முடித்துவிட்டுக் காத்திருந்தார். சொல் வரவில்லை. கொஞ்சம் பொறுத்து உதுமான் தட்டிக்கு இந்தப் பக்கம் எட்டிப் பார்த்தான்.

"அந்த அம்மா இன்னிக்கு வரல்லியே அண்ணாச்சி. நேயர் போஸ்டை ரத்துப் பண்ணியாச்சு. உங்ககிட்ட சொல்லல்லியா?"

"யாரும் சொல்லலியே."

"நீங்க அந்த அம்மாவைப் பத்தித் தெரிஞ்சிக்கிடக் கூடாதுல்லா, அதான் சொல்லல போல."

அவர் வெறும் நாற்காலிக்கு வாசித்திருக்கிறார். அதுகூடத் தெரியாமல் வாசித்திருக்கிறார்.

அடுத்த வாரம் கிங்ஸ் சர்க்கிள் பஸ் ஸ்டாப்பில் அவர் நின்றுகொண்டிருந்தார். பக்கத்தில் வந்து நின்ற ஓர் அம்மாள், ஒல்லியாக, காதோரம் நரையோடு, அவர் காலைப் பார்த்தாள். பிறகு முகத்தைப் பார்த்தாள்.

"நீங்கதானே பூமாரி எழுதறவர்?"

முகம் புதிது, ஆனால் குரல் அவருக்குத் தெரிந்த குரல். "எப்படித் தெரிஞ்சுது?" என்றார்.

"தட்டிக்குக் கீழே கால் தெரியுமே. பெட்டியில பார்க்க ஒண்ணும் இல்லை. இந்தச் செருப்பைப் பார்த்துண்டுதான் உக்காந்திருப்பேன்." சொல்லிவிட்டுக் கூச்சத்தோடு சிரித்தாள். "பிழிய அழ வெச்சுடுவேள். ஆத்துல என்கிட்ட காபி வேணும், சாவி எங்கேன்னு கேப்பாளே தவிர, வேற பேச்சு கிடையாது. செவ்வாய்க்கிழமையும் வெள்ளிக்கிழமையும்தான் எனக்கு... சரி, அது போறது. ஒண்ணே ஒண்ணு கேக்கறேன், சொல்லணும். பூமாரிக்குக் கல்யாணம் ஆச்சா?"

வாழ்நாளில் ஒரு தடவையாவது ஒரு எழுத்தாளனிடம் கேட்கப்பட வேண்டிய கேள்வி அது. அவரிடம் பதில் இருந்தது. வரி வரியாக மனப்பாடமாக இருந்தது. ஆனால் வாய் திறந்தபோது சத்தியம் குறுக்கே வந்தது. இவள் இப்போது நேயர் இல்லை, வெளியாள். கல்யாணமும் இன்னும் ஒளிபரப்பாகவில்லை. அத்தோடு மூன்று வருஷம் அந்த ஆபீஸில் இருந்ததில் அவர் நாக்கும் அவருக்கு முழுக்கச் சொந்தமாக இல்லை.

"ஃபைல் ஃபைனான்ஸ்ல இருக்கும்மா," என்றார்.

"ஓ," என்றாள் ராஜலக்ஷ்மி. அவளும் அந்த ஆபீஸில் இருந்தவள்தானே, மேற்கொண்டு கேட்கவில்லை. செம்பூர் பஸ் வந்தது. ஏறி, ஜன்னலோரம் உட்கார்ந்து, போகும்போது மரியாதையாகக் கையசைத்தாள்.

சொல்லியிருக்கலாம். பஸ் திரும்பி மறைந்த அடுத்த நிமிஷம் அவருக்கு அது உறைத்தது. பூமாரி அவனைக் கட்டிக்கொள்ளவில்லை அம்மா, காத்திருக்கவும் இல்லை, இப்படி ஒரு காரியம் செய்தாள் என்று சொல்லியிருக்கலாம். வேலை போனால் தோல் கிடங்கு இருக்கிறது. கேட்ட ஒரே ஒரு ஆளுக்கு ஃபைல் எங்கே இருக்கிறது என்று சொல்லி அனுப்பிவிட்டோமே என்று நடுரோட்டில் தலையில் அடித்துக்கொண்டார்.

மறுநாளும் அதற்கடுத்த நாளும் அதே ஸ்டாப்பில் போய் நின்றார். வேலை போனவள் மாட்டுங்காவுக்கு எதற்கு வருவாள்? ஒரு ஞாயிற்றுக்கிழமை திலக் நகருக்கே போனார். வரிசை வரிசையாக ஒரே மாதிரிக் கட்டடங்கள், ஒரே மாதிரி பால்கனிகள், எல்லாவற்றிலும் வேட்டியும் பாவாடையும் காய்ந்தன. அண்ணன் பெயர் தெரியாது. ராஜலக்ஷ்மி என்று விசாரித்தார். எந்த ராஜலக்ஷ்மி, நீங்கள் யார், எதற்கு என்று கேட்டார்கள். அவள் என் கதையைக் கேட்டவள் என்று ஒரு கல்யாணமாகாத பெண்ணைப் பற்றி அவள் பேட்டையில் எப்படிச் சொல்வது? விலாசம் தப்பு என்று சொல்லிவிட்டு வந்துவிட்டார். வழியெல்லாம் அவளுக்குச் சொல்ல வேண்டியதைச் சொல்லிக்கொண்டே வந்தார்.

திங்கட்கிழமை டைரக்டர் கூப்பிட்டார். முகமெல்லாம் சிரிப்பு.

"தணிக்கைக்காரா மறுபடியும் பிடிச்சுண்டுட்டா. நேயர் இல்லாம ஒளிபரப்பு கூடாதாம். புதுசா ஆள் போட வழியில்லை. நான் டில்லி வரைக்கும் எழுதி சமாளிச்சுட்டேன். நேயர் பொறுப்பையும் உங்களுக்கே கூடுதலாக் குடுத்தாச்சு!"

"சார், நான் நாற்காலியில உக்காந்தா தட்டிக்குப் பின்னால யாரு வாசிப்பா?"

"எதுக்கு வாசிக்கணும்? எழுதினது நீங்க. என்ன எழுதியிருக்குன்னு நேயருக்குத் தெரியாதா? மேலும் டெலிவிஷன்கறது பார்க்கற சாதனம், கேக்கறதுக்கு ரேடியோ இருக்கே."

செவ்வாய்க்கிழமை ஆறு மணிக்கு உதுமான் கையைக் கழுவிக்கொண்டு வந்து கதவுகளைத் திறந்தான். பிரம்மநாயகம் முன் வாசலால் வந்து நாற்காலியில் உட்கார்ந்தார். பெட்டி காலியாக இருந்தது. தட்டிக்குக் கீழே தரை தெரிந்தது, அங்கே கால் இல்லை. கீழே குடைக்கடையில் யாரோ கம்பியைத் தட்டிக்கொண்டிருந்தார்கள். நேரம் ஆனதும் உதுமான் கதவைச் சாத்திவிட்டு அவரைப் பார்த்தான்.

"சொல்லுங்க அண்ணாச்சி."

"திருப்தி," என்றார் பிரம்மநாயகம்.

இப்படியே ஒரு மழைக்காலம் போனது. ஒருநாள் டைரக்டர் அவரை உள்ளே அழைத்துக் கதவைச் சாத்தினார். ரொம்பவும் கவலையாக இருந்தார்.

"பிரம்மநாயகம், நேத்திக்கு ஸ்டேஷன் பாலத்துல நீங்க தனியாப் பேசிண்டு போனதை நானே என் கண்ணால பார்த்தேன்."

"சின்ன வயசுலேருந்து உள்ள பழக்கம் சார்."

"என்ன பேசினேள்?"

பிரம்மநாயகத்துக்குப் பொய் வராது. "பூமாரிக்குக் கல்யாணம் ஆச்சான்னு கேட்டேன்."

"யாரைக் கேட்டேள்?"

"என்னையத்தான் சார்."

டைரக்டர் கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். "கேட்டது நேயர். கேக்கப்பட்டது ரைட்டர். நம்ம விதி என்ன?"

"ரெண்டு பேரும் பேசிக்கிடக் கூடாது சார்."

"ரெண்டு பொறுப்பும் ஒருத்தர்கிட்ட இருக்குங்கறதுக்காக விதியைத் தளர்த்தலையே? இந்த மாதிரி கேஸ்லதான் அது இன்னும் கண்டிப்பா இருக்கணும். பதில் சொன்னேளா?"

"இல்ல சார். சொல்ல வாயெடுத்தேன். அதுக்குள்ள நீங்க எதுக்க வந்துட்டீங்க."

"நல்ல வேளை, தப்பிச்சேள்." டைரக்டர் எழுந்து வந்து அவர் தோளில் கை வைத்தார். மனிதர் கெட்டவர் இல்லை. "நான் இதை ரிப்போர்ட் பண்ணப் போறதில்லை. ஆனா இனிமே உங்களுக்குள்ள பேச்சுவார்த்தை வேண்டாம். புரியறதா?"

"புரியுது சார்."

அன்று மாட்டுங்காவிலிருந்து தாராவி வரைக்கும் பிரம்மநாயகம் வாயை இறுக்கி மூடிக்கொண்டு நடந்தார். எதிரே வந்த வெயிலுமுத்து சத்தம் கேட்காததால் அவரைக் கவனிக்காமலேயே தாண்டிப் போனான். கோலிக்குள் நுழைந்து விளக்கைப் போட்டார். பூமாரி ஏதோ கேட்டாள். அவர் பதில் சொல்லவில்லை.